கிட்டியும் கைநாட்டும்: விக்டோரியா காலத் தடய அறிவியலும் நம் உடல்களும்

(ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் பகுதியில் தொழிலாளர்களும் மாணவர்களும் கலந்துகொண்ட வாசிப்பு வட்டக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம். பேச்சு நடை பல இடங்களில் அப்படியே விடப்பட்டுள்ளது.)



விக்டோரியா காலத்துக் குற்றமும் தடய அறிவியலும் என்று தலைப்புக் கொடுத்திருக்கிறீர்கள். "லண்டன்ல நடந்த கொலையப் பத்தி ஒரகடத்துல பேசி என்னங்க ஆகப்போவுது?" என்று யாராவது கேட்டால் அது நியாயமான கேள்விதான். நான் லண்டனைப் பற்றி அதிகம் பேசப் போவதில்லை. விக்டோரியா மகாராணி 1837இலிருந்து 1901 வரை ஆண்டவர். அந்த அறுபத்து நான்கு வருஷத்தில் தடய அறிவியல் என்று இன்று நாம் சொல்கிற அறிவியலின் பாதி, காலனி நாடுகளில், குறிப்பாக இந்தியாவில், அடித்தட்டு மக்களின் உடல்மேல் வைத்துப் பார்க்கப்பட்டது. சிப்காட் கேட்டில் தினமும் காலையில் நீங்கள் விரலை வைக்கிற மெஷின் வரைக்கும் அந்தக் கதை நீளுகிறது. அதனால் இது நம்முடைய கதை.

முதலில் ஒரு கேள்வி. குற்றம் நடந்தது என்று எப்படித் தெரியும்? இரண்டே வழி. ஒன்று, ஒருத்தனைப் பிடித்து அவன் வாயிலிருந்து வரவழைப்பது. இன்னொன்று, பொருளைப் பார்த்து, தடயத்தைப் பார்த்துக் கண்டுபிடிப்பது. முதல் வழிக்கு அடி வேண்டும். இரண்டாவதுக்கு அறிவு வேண்டும். தடய அறிவியல் வந்தால் அடி ஒழியும் என்றுதான் பத்தொன்பதாம் நூற்றாண்டில் சொன்னார்கள். ஒழிந்ததா என்பதுதான் இன்றைய பேச்சு.

சென்னை மாகாணத்திலிருந்தே தொடங்கலாம். இங்கே கம்பெனி ஆட்சியில் வரி வசூலிக்கவும் வாக்குமூலம் வாங்கவும் மக்களைச் சித்திரவதை செய்கிறார்கள் என்று 1854இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் விவாதம் எழுந்தது. விசாரணைக் கமிஷன் போட்டார்கள். 1855இல் அறிக்கை வந்தது. ஏறத்தாழ 2,000 முறையீடுகள். கமிஷன் பதிவு செய்த இரண்டு சொற்களை மட்டும் சொல்கிறேன், ரெண்டும் தமிழ்ச் சொற்கள். ஒன்று கிட்டி. இரண்டு குச்சிகளுக்கு நடுவில் விரலையோ வேறு உறுப்பையோ வைத்து நெருக்குவது. இன்னொன்று அண்ணாந்தாள். மனிதனைக் குனிய வைத்துத் தலையையும் காலையும் சேர்த்துக் கட்டி வெயிலில் நிறுத்துவது. இங்கிலீஷ் அறிக்கையில் இந்தச் சொற்கள் இங்கிலீஷ் எழுத்தில் அப்படியே இருக்கின்றன. நம் மொழி அந்த அறிக்கைக்குக் கொடுத்த கொடை அதுதான். 1857இல் காரல் மார்க்ஸ் இந்த அறிக்கையை வைத்து நியூயார்க் டெய்லி ட்ரிப்யூன் பத்திரிகையில் கட்டுரை எழுதினார்.

அறிக்கைக்கு என்ன பலன்? வரி வசூலையும் போலீஸ் வேலையையும் ஒரே தாசில்தார் பார்த்துக்கொண்டிருந்ததைப் பிரித்தார்கள். 1859இல் சென்னை போலீஸ் சட்டம் வந்தது. 1872இல் சாட்சியச் சட்டம் வந்தது. அதன் 25ஆம் பிரிவு, போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றத்தை நிரூபிக்கப் பயன்படுத்தக் கூடாது என்றது. நல்ல பிரிவு. ஆனால் 27ஆம் பிரிவு என்று ஒரு சந்து விட்டார்கள். காவலில் இருப்பவன் சொன்னதை வைத்து ஒரு பொருள் கிடைத்தால், அது சம்பந்தமாகச் சொன்ன அளவுக்கு அந்தப் பேச்சு செல்லும். "எதிரி காட்டிய இடத்தில் கத்தி கைப்பற்றப்பட்டது" என்று கேஸ் கட்டுகளில் படிக்கிறோமே, அது இந்தச் சந்து வழியாக வருவது. சட்டத்தின் பெயர் 2024 ஜூலை முதல் மாறியிருக்கிறது. சந்து அப்படியே இருக்கிறது.

இனி அறிவியல் பக்கம் வருவோம். 1836இல் ஜேம்ஸ் மார்ஷ் என்ற ஆங்கிலேய வேதியியலாளர், செத்தவர் வயிற்றில் பாஷாணம் இருக்கிறதா என்று கண்டுபிடிக்க ஒரு சோதனை கண்டார். சந்தேகப்படும் பொருளைத் துத்தநாகத்தோடும் அமிலத்தோடும் சேர்த்தால் ஒரு வாயு வரும். அதைச் சூடாக்கி ஒரு கண்ணாடிமேல் படவிட்டால் கருப்பாய், பளபளப்பாய்ப் படியும். அதுதான் பாஷாணம். யாரையும் அடிக்க வேண்டியதில்லை, கண்ணாடி பேசும். இந்த மாதிரிச் சோதனைகளுக்கு இந்தியாவில் முதல் இரசாயனப் பரிசோதகர் கூடம் 1849இல் சென்னையில்தான் ஏற்பட்டது. கல்கத்தாவுக்கே நாலு வருஷம் கழித்துத்தான் வந்தது.

ஆனால் அந்தக் கண்ணாடியின் முன் யாரை நிறுத்தினார்கள் என்று பாருங்கள். வட இந்தியாவில் 1850களிலிருந்து மாடு செத்தால் சாமார் சாதி மக்கள்மேல் சந்தேகம். தோலுக்காக மாட்டுக்குப் பாஷாணம் வைக்கிறார்கள் என்று ஒரு சாதியே அரசாங்கக் காகிதங்களில் குற்றவாளியானது. அதே காலத்தில் வெக்கை நோய் வந்து ஏராளமான மாடுகள் செத்தன; அதை ஆராய அரசே கமிஷன் போட்டு 1871இல் அறிக்கை வந்தது. பாஷாணமோ கடைத்தெருவில் யார் வேண்டுமானாலும் வாங்கக்கூடிய சரக்கு. இருந்தும் செத்த மாட்டைத் தூக்கு என்று நம் தலையில் வைத்த சாதியமைப்பு, தூக்கினவனையே கொன்றவன் என்றும் சொன்னது. சோதனைக் குழாய்க்குச் சாதி தெரியாது. எந்த வீட்டிலிருந்து மாதிரி எடுப்பது என்று முடிவு செய்கிறவனுக்குத் தெரியும்.

கதைப் புத்தகங்களிலும் இதுதான். ஷெர்லாக் ஹோம்ஸ் 1887இல் அச்சில் வந்தார். 1890இல் வந்த இரண்டாவது நாவல் 'தி சைன் ஆஃப் ஃபோர்'. அதில் ஊதுகுழலால் விஷ முள் எய்து கொல்பவன் ஓர் அந்தமான் தீவுக்காரன். துப்பறியும் மூளை வெள்ளைக்காரனுக்கு, குற்றம் செய்யும் உடல் கறுப்பனுக்கு என்று இலக்கியமும் பங்கு பிரித்துக் கொடுத்தது.

அடுத்து மூக்கு. 1879 வாக்கில் பாரிஸ் போலீசில் பெர்ட்டிலோன் என்பவர் கைதியின் தலை, கை, கால் நீளங்களை அளந்து அட்டையில் எழுதி, பழைய குற்றவாளியை அடையாளம் காணும் முறையை உருவாக்கினார். அங்கே ஒரு ஆளை அடையாளம் காண அளந்தார்கள். இங்கே சாதியை அளந்தார்கள். ரிஸ்லி 1891இல் மூக்கின் அகலத்தை வைத்துச் சாதிக்கு மேல் கீழ் சொன்னார். சென்னை அருங்காட்சியகத்தில் எட்கர் தர்ஸ்டன் 1890களில் அளவுகோலோடு கிளம்பினார். இதற்கு அம்பேத்கர் கொடுத்த பதிலை மாணவர்கள் அவசியம் படிக்க வேண்டும். 1948இல் தீண்டப்படாதவர்கள் யார் என்று எழுதிய நூலில் அவர் அதே மூக்கு அளவுகளை எடுத்துப் போட்டுக் காட்டினார்: இந்த அளவை நம்பினால் பார்ப்பனரும் தீண்டப்படாதவரும் ஒரே இனம் என்றுதான் ஆகும். அறிவியலைக் கண்டு அவர் ஒதுங்கவில்லை. அவர்கள் கணக்கை வாங்கி அவர்களுக்கே போட்டுக் காட்டினார். இந்த முறையைத்தான் நாம் கற்க வேண்டும்.

இப்போது விரல். 1858 ஜூலை. வங்காளத்தில் ஜங்கிபூர். வில்லியம் ஹெர்ஷல் என்ற அதிகாரி, சாலை போடக் கல்சரளை சப்ளை செய்ய ராஜ்யதர் கோனாய் என்பவருக்கு ஒரு காண்ட்ராக்ட் கொடுத்தார். கையெழுத்தோடு விடாமல், அவர் முழு உள்ளங்கையையும் மையில் தோய்த்துப் பத்திரத்தின் பின்னால் பதிய வைத்தார். ஏன்? "நான் கையெழுத்துப் போடலை" என்று பின்னால் சொல்லிவிடுவான் என்ற பயம். 1857 கிளர்ச்சி முடிந்த கையோடு, எந்த இந்தியனையும் நம்பாத காலம். கைரேகையின் நவீன வரலாறு ஒரு காண்ட்ராக்ட் பத்திரத்தில், முதலாளி தரப்பின் சந்தேகத்தில் தொடங்குகிறது. இதைக் காண்ட்ராக்ட் தொழிலாளர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

ரேகையைப் பதிவது சுலபம், லட்சம் ரேகையில் ஒன்றைத் தேடுவது எப்படி? அதைத் தீர்த்ததும் கல்கத்தாவில்தான். வங்காள போலீஸ் தலைவர் எட்வர்ட் ஹென்றியின் கீழ் வேலை பார்த்த அஜீசுல் ஹக், ஹேம் சந்திர போஸ் என்ற இரண்டு பேர். பத்து விரலை ஐந்து ஜோடியாக்கு. ஒவ்வொரு விரலிலும் சுழி உண்டா இல்லையா என்று மட்டும் பார். ஒரு ஜோடிக்கு நாலு சாத்தியம். ஐந்து ஜோடிக்கு நாலை ஐந்து முறை பெருக்கினால் 1,024. அவ்வளவு பொந்துகள் உள்ள அலமாரி செய்து அட்டைகளை அடுக்கினால், எந்த ரேகையையும் சில நிமிஷத்தில் எடுத்துவிடலாம். 1897இல் கல்கத்தாவில் கைரேகைப் பிரிவு தொடங்கியது. 1901இல்தான் லண்டன் ஸ்காட்லாந்து யார்டுக்குப் போனது. உலகம் முழுக்க அதற்கு 'ஹென்றி முறை' என்று பெயர். கணக்குப் போட்ட ஹக்குக்கும் போஸுக்கும் வெகுகாலம் கழித்துப் பட்டமும் கொஞ்சம் பணமும். உழைப்பு ஒருத்தருக்கு, பெயர் ஒருத்தருக்கு.

1897இல் வங்காளத்து ஜல்பாய்குரியில் ஒரு தேயிலைத் தோட்ட மேனேஜர் கொல்லப்பட்டார். அங்கே கிடந்த பஞ்சாங்கத்தில் ரத்தக் கறையோடு ஒரு கட்டைவிரல் பதிவு. அலமாரியில் தேடியபோது காங்காலி சரண் என்ற பழைய வேலைக்காரரின் ரேகையோடு பொருந்தியது. 1898இல் தீர்ப்பு வந்தது. திருட்டுக்குத் தண்டனை, கொலைக்கு விடுதலை. ரேகை, அவர் கை அங்கே பட்டது என்று சொல்லும். அவர்தான் கொன்றார் என்று சொல்லாது. அந்தக் காலத்துக் கோர்ட்டுக்குத் தெரிந்த இந்த வித்தியாசம் இன்று டிவி விவாதங்களில் காணாமல் போய்விடுகிறது.

இந்த அலமாரியில் போட ஆள் வேண்டுமே. ஆள் தேடிக் கொடுத்தது குற்றப்பரம்பரைச் சட்டம். 1871இல் வடக்கே வந்தது. 1911இல் திருத்தி சென்னை மாகாணத்துக்கும் கொண்டுவந்தார்கள். சாதியைச் சொன்னாலே குற்றவாளி. குறவர்கள், வலையர்கள், தென்னாற்காட்டு வேப்பூர்ப் பறையர்கள் என்று பட்டியல் நீண்டது. குற்றம் செய்தவனின் ரேகையை எடுப்பது போய், ரேகை கொடுக்க வேண்டியவன் குற்றவாளி என்று தலைகீழானது. 1920 ஏப்ரல் 3 அன்று மதுரைப் பக்கம் பெருங்காமநல்லூரில் கள்ளர் மக்கள் ரேகை வைக்க மாட்டோம் என்று எதிர்த்து நின்றார்கள். போலீஸ் சுட்டது. மாயக்காள் என்ற பெண் உட்பட 16 பேர் உயிரிழந்தார்கள். இங்கே ஒன்றை வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். அன்று ரேகைக்கு எதிராக நின்ற சாதியின் பெயராலேயே பின்னாளில் நம் மக்கள்மேல் வன்கொடுமைகள் நடந்திருக்கின்றன. அதனால் அன்றைய 16 பேரின் நியாயம் பொய்யாகிவிடாது. அந்த வரலாற்றை அவர்களுக்கே நினைவுபடுத்த வேண்டியவர்களாக நாம் இருக்கிறோம்.

அந்த 1920இலேயே கைதிகள் அடையாளச் சட்டமும் வந்தது. குற்றப்பரம்பரைச் சட்டத்தை 1947இல் சென்னை மாகாணமும் 1952இல் நாடு முழுவதும் ஒழித்தார்கள். கைதிகள் அடையாளச் சட்டம் 2022 வரை இருந்தது. அதற்குப் பதில் வந்த புதுச் சட்டத்தில் கருவிழியும் உண்டு. பதிவை 75 வருஷம் வைத்துக்கொள்ளலாம்.

நம் மண்ணுக்கு வருவோம். ஸ்ரீபெரும்புதூரும் ஒரகடமும் அன்றைக்குச் செங்கல்பட்டு ஜில்லா. அதன் கலெக்டர் ட்ரெமென்ஹீர் 1891இல் இந்த ஜில்லாப் பறையர்களின் நிலைமை குறித்து அறிக்கை எழுதினார். குடியிருக்கும் மனையே மிராசுதாரருக்குச் சொந்தம், வாய் திறந்தால் வெளியே போ என்பான், கடனுக்குப் படியாளாகக் கட்டுண்டு கிடக்கிறார்கள் என்று எழுதினார். அதன்பேரில் 1892 செப்டம்பரில் அரசாணை வந்தது. பஞ்சமி நிலம் அப்படிக் கிடைத்தது. பத்து வருஷத்துக்கு விற்கக் கூடாது, பிறகும் ஒடுக்கப்பட்டவருக்குத்தான் விற்கலாம் என்று நிபந்தனை. அதே 1892இல்தான் லண்டனில் கால்டனின் 'கைரேகைகள்' நூல் வெளியானது. ரேகை ஒரு மனிதனுக்கு வாழ்நாள் முழுக்க மாறாது என்று அவர் நிறுவினார். ரேகை மாறவில்லை, நிலம் கைமாறிவிட்டது. எப்படி? பல ஊர்களில் ஒரு கைநாட்டினால். பத்து ரூபாய்க் கடனுக்குப் பத்திரத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமலே வைத்த பெருவிரல்.

'தற்குறி' என்று திட்டுகிறோமே, அந்தச் சொல்லுக்கு அர்த்தம் தெரியுமா? எழுதப் படிக்கத் தெரியாதவர் கையெழுத்துக்குப் பதிலாகப் போடும் குறி. படிக்க விடாமல் வைத்தவன், படிக்காதவன் போட்ட அடையாளத்தையே வசைச் சொல்லாக்கி வைத்திருக்கிறான். இன்று அதே விரலை கம்பெனி கேட்டிலும் ரேஷன் கடையிலும் கேட்கிறார்கள். செங்கல் அறுத்து, கல் உடைத்துத் தேய்ந்த விரலை மெஷின் அறியாது. உழைப்பால் ரேகை அழிந்தவரைப் பார்த்து "நீ நீயில்லை" என்கிறது.

இந்த ஊர்ப் பெயரை உலகம் கேள்விப்பட்டது 1991 மே 21 இரவில். ராஜீவ் காந்தி கொலையின் அரசியலை இங்கே பேசவில்லை, தடயத்தைப் பேசுகிறேன். இறந்த புகைப்படக்காரரின் கேமரா உடையாமல் கிடைத்தது. அதிலிருந்த படங்கள் கொலையாளியைக் காட்டின. தமிழ்நாடு தடய அறிவியல் துறை இயக்குநர் பேராசிரியர் பி. சந்திரசேகரன், சிதறிய உடல்களைப் பார்த்து, ஒரு பெண்ணின் தலையும் கைகால்களும் கிடைக்கின்றன, நடு உடல் இல்லை, ஆகவே குண்டு அவள் இடுப்பில் கட்டியிருந்தது என்று முடிவுக்கு வந்தார். யாரையும் அடிக்காமல் வந்த முடிவு. அறிவியல் என்றால் அது.

ஆனால் வழக்கு எதில் நின்றது? தடா சட்டத்தின் 15ஆம் பிரிவு, போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த வாக்குமூலமும் செல்லும் என்றது. 1855 அறிக்கைக்குப் பிறகு 1872இல் போட்ட பூட்டை உடைத்த பிரிவு அது. 1998இல் 26 பேருக்கும் தூக்கு. 1999இல் உச்ச நீதிமன்றம், இது தடாக் குற்றமே இல்லை என்றது. ஆனால் தடாவில் வாங்கிய வாக்குமூலம் செல்லும் என்றது. பேரறிவாளன் பேட்டரி வாங்கிக் கொடுத்தார் என்பது அவர்மேல் இருந்த குற்றச்சாட்டு. எதற்கு என்று தனக்குத் தெரியாது என்று அவர் சொன்னதைத் தான் எழுதாமல் விட்டதாக, வாக்குமூலம் பதிந்த சி.பி.ஐ. அதிகாரியே 2013இல் வெளிப்படையாகச் சொன்னார். பேரறிவாளன் விடுதலையானது 2022 மே 18 அன்று. முப்பது வருஷம் தாண்டிவிட்டது. தமிழ்நாட்டின் மிகச் சிறந்த தடய ஆய்வு நடந்த ஊரிலேயே மனிதர்களின் உயிரை நிர்ணயித்தது வாக்குமூலம்தான். நாட்டையே உலுக்கிய வழக்கில் இதென்றால், லோக்கல் ஸ்டேஷனில் திருட்டுக் கேஸ் எழுதப்படும் இருளருக்கு எது கிடைக்கும் என்று யோசியுங்கள்.

இப்போது மறுபக்கம். நாம் பாதிக்கப்பட்டவராக நிற்கும்போது இந்த அறிவியல் எப்படி வருகிறது? 2022 டிசம்பரில் புதுக்கோட்டை மாவட்டம் வேங்கைவயலில் தலித் மக்களின் குடிநீர்த் தொட்டியில் மலம் கலந்தார்கள். 2023 ஏப்ரலில் மரபணுச் சோதனைக்குப் பதினோரு பேரை ரத்தம் கொடுக்கச் சொன்னார்கள். பாதிக்கப்பட்ட மக்களையே கேட்கிறீர்களே என்று எட்டுப் பேர் மறுத்தார்கள். 2025 ஜனவரியில் சி.பி.சி.ஐ.டி. அதே சமூகத்தைச் சேர்ந்த மூன்று பேர்மேல்தான் குற்றப்பத்திரிகை போட்டது. அந்த மக்கள் அதை ஏற்கவில்லை. அவர்கள் மறுத்தது அறிவியலை அல்ல. தண்ணீரைக் குடித்தவனே முதல் சந்தேக நபர் என்ற பழைய கணக்கைத்தான் மறுத்தார்கள். செத்த மாட்டுக் கதை ஞாபகம் இருக்கிறதா?

ஆனால் நமக்கு இந்த அறிவியல் வேண்டாம் என்று சொல்லிவிட முடியாது. 2015 ஜூனில் என்ஜினியரிங் படித்த கோகுல்ராஜ் நாமக்கல் மாவட்டத்தில் ரயில் பாதையில் பிணமாகக் கிடந்தார். தற்கொலை என்ற பேச்சுத்தான் முதலில் எழுந்தது. நம் இயக்கங்கள் உடலை வாங்க மறுத்து, பிரேதப் பரிசோதனைக் குழுவில் நாங்கள் நம்பும் மருத்துவர் வேண்டும் என்று நின்றன. அவர் கடைசியாகப் போன திருச்செங்கோடு கோயில் கேமராப் பதிவு கிடைத்தது. முக்கிய சாட்சி பிறழ்ந்துவிட்டார். கேமரா பிறழவில்லை. 2022 மார்ச்சில் மதுரை நீதிமன்றம் பத்துப் பேருக்கு ஆயுள் தண்டனை கொடுத்தது. 2023இல் உயர் நீதிமன்றம் அந்த வழக்கில் முக்கியக் குற்றவாளியின் தண்டனையை உறுதி செய்தது. சாட்சியை மிரட்டலாம், விலைக்கு வாங்கலாம். ஊர்க் கட்டுப்பாட்டுக்குப் பயந்து வாழும் சேரியில் சாட்சி நிற்பது எவ்வளவு கஷ்டம் என்று நமக்குத் தெரியும். அதனால்தான் எல்லோரையும்விட நமக்குத் தடயம் அதிகம் தேவை.

ஆகவே மாணவத் தோழர்கள் சில விஷயங்களை மனப்பாடமாக வைத்துக்கொள்ளுங்கள். வன்கொடுமைத் தடுப்புச் சட்ட விதிகள் 1995, விதி 7: டி.எஸ்.பி. அந்தஸ்துக்குக் குறையாத அதிகாரிதான் விசாரிக்க வேண்டும். சட்டத்தின் 15-ஏ பிரிவு 2016 முதல் அமலில் இருக்கிறது: பாதிக்கப்பட்டவரின் உரிமைகள் அதில் இருக்கின்றன, வழக்கு நடவடிக்கைகளை வீடியோ எடுக்க வேண்டும் என்பதும் இருக்கிறது. 2024 ஜூலையில் வந்த புதுக் குற்ற நடைமுறைச் சட்டம், பிரிவு 176: ஏழு வருஷமோ அதற்கு மேலோ தண்டனை உள்ள குற்றத்தில் தடய நிபுணர் சம்பவ இடத்துக்கு வர வேண்டும். இதை அமல்படுத்த மாநிலங்களுக்கு ஐந்து வருஷம் வரை அவகாசம் இருக்கிறது, அதைச் சாக்காகச் சொல்வார்கள், விடாதீர்கள். காவலில் மரணம் என்றால் நீதித்துறை நடுவர் விசாரணை கட்டாயம்.

சம்பவம் நடந்த இடத்தைக் கழுவ விடாதீர்கள். அது சேரியாக இருந்தாலும் சரி, ஆள் நசுங்கிய மெஷினாக இருந்தாலும் சரி. செல்போனில் தேதி, நேரத்தோடு படம் எடுங்கள். ரத்தம் பட்ட துணியைத் துவைக்காதீர்கள். நிழலில் உலர்த்தி, பிளாஸ்டிக் பையில் போடாமல் காகிதத்தில் மடித்து வைத்து, அதிகாரியிடம் ஒப்படைத்து ரசீது வாங்குங்கள். பக்கத்துக் கடைகளின் கேமராப் பதிவு சில நாளில் அழிந்துவிடும், அன்றைக்கே எழுத்தில் கேளுங்கள். போஸ்ட்மார்ட்டத்துக்கு முன் வீடியோ வேண்டும் என்று மனுக் கொடுங்கள். அவசரமாக எரிக்கச் சொன்னால் சந்தேகப்படுங்கள். எழுதின தாளைப் படித்துக் காட்டாமல் எதிலும் விரல் வைக்காதீர்கள், வைக்க விடாதீர்கள்.

இன்னொன்றும் சொல்லி முடிக்கிறேன். இங்கே இயற்பியல், வேதியியல் படிக்கிற பிள்ளைகள் உட்கார்ந்திருக்கிறீர்கள். எந்த மாதிரியை எடுப்பது, எதை விடுவது என்று முடிவு செய்யும் மேஜைக்கு அந்தப் பக்கம் நம் ஆட்கள் மிகக் குறைவு. தடய அறிவியல் துறைக்குப் போங்கள், சட்ட மருத்துவம் படியுங்கள். ஒரு பிரேதப் பரிசோதனை அறிக்கையை வரி வரியாகப் படிக்கத் தெரிந்த ஒருவர் ஒவ்வொரு ஒன்றியத்திலும் இருந்தால், பல கேஸ் கட்டுகள் வேறு மாதிரி முடியும். அடுத்த கூட்டத்தில் அப்படி ஓர் அறிக்கையையே எடுத்து வைத்துச் சேர்ந்து படிக்கலாம் என்பது என் யோசனை. இனி நீங்கள் கேளுங்கள், விவாதிப்போம்.